வெள்ளிமலை வண்டியில் மாற்றிக்கொண்ட டூட்டி

நானும் அவனும் கள்ளக்குறிச்சி டிப்போவில் ஒரே நாளில் தினக்கூலி கண்டக்டர்களாகச் சேர்ந்தவர்கள். ஒரே டிபன் பாக்ஸில் கைவிட்டுத் தின்றவர்கள். பின்னால் கோர்ட்டில் நான் மனுதாரர், அவன் எதிர்மனுதாரர். அந்த வார்த்தையைக் கண்டுபிடித்தவன் நாசமாய்ப் போக!

இடஒதுக்கீட்டுப் போராட்டம் சூடுபிடித்திருந்த சமயம். வெள்ளிமலைக்குப் போய் இரவு தங்கி, காலையில் இறங்கும் வண்டி அன்று அவன் டூட்டி. எலவனாசூர்கோட்டையில் அவன் மனைவிக்கு இடுப்புவலி கண்டிருந்தது.

"மச்சான், இன்னைக்கு ஒரு நாள் நீ போயிட்டு வந்துடுடா," என்றான்.

டிப்போவில் கேட்டால் விடமாட்டார்கள். அதனால் சொல்லாமல் மாற்றிக்கொள்வோம். யாருடைய டூட்டியோ அவன் பெயரிலேயே டிக்கெட் கிழிப்போம். எல்லோரும் செய்வதுதான். நானும் அவன் பெயரில் மலையேறினேன்.

விடிந்தால் கீழே சாலை நெடுகப் போராட்டக்காரர்கள் மரங்களை வெட்டிப் போட்டிருந்தார்கள். டிரைவரும் நானும் வண்டியோடு பல நாள் மேலேயே மாட்டிக்கொண்டோம். மலைக்காரர்கள் புண்ணியத்தில் சாமைச் சோறு கிடைத்தது. வண்டிக்கு ஏதாவது ஆனால் யார் தலை உருளும் என்ற பயத்தில் இரவெல்லாம் வண்டியைச் சுற்றிச் சுற்றி வந்தேன்.

வழி திறந்து இறங்கி வந்தபோது, டிப்போ கணக்கில் மலையில் காவல் இருந்தவன் அவன். சொல்லாமல் நின்றுபோனவன் நான். சர்வீஸில் இடைவெளி என்று சொல்லி என்னைச் சீனியாரிட்டியில் அவனுக்குக் கீழே இறக்கினார்கள். நிரந்தரம் செய்தபோது அவனோடு நிறுத்திக்கொண்டு, என்னை வீட்டுக்குப் போகச் சொல்லிவிட்டார்கள்.

"உண்மையைச் சொல்லுடா," என்று அவனிடம் கெஞ்சினேன்.

"சொன்னா உனக்குப் பதிலா என்னை வேலையவுட்டுத் தூக்கிடுவாங்கடா. கைக்கொழந்தைய வச்சிக்கினு நான் எங்க போவேன்?"

மலையில் கூட இருந்த டிரைவரைச் சாட்சிக்குக் கூப்பிட்டேன், கையெடுத்துக் கும்பிட்டார். "ரிட்டயர் ஆவுற நேரம்பா. என்னை ஏன் இழுக்கிற?"

எனக்கு மட்டும் வயிறு இல்லையா? கேஸ் போட்டேன். சீனியாரிட்டி கேஸில் நமக்கு மேலே இருப்பவனையும் சேர்த்தே ஆகவேண்டுமாம். நோட்டீஸ் அவன் வீட்டுக்குப் போனது. அதற்குப் பிறகு என்னைக் கண்டால் அவன் எதிர்ச்சாரிக்குப் போய்விடுவான்.

வாய்தா வாய்தாவாகக் கேஸ் இழுத்தது. அவன் பொய் சொன்னால் நான் தெருவில் நிற்கவேண்டும். உண்மையைச் சொன்னால் அவன் நிற்கவேண்டும். ஜெயிக்கவேண்டும் என்று சாமி கும்பிடக்கூட வாய் வரவில்லை.

கடைசியில் அவனைக் கூண்டில் ஏற்றினார்கள். அன்று மலையில் இருந்தது யார் என்று ஜட்ஜ் கேட்டார். அவன் என்னைப் பார்த்தான்.

"அவன்தான் சார். என் வூட்டுக்காரிக்குப் பிரசவம்னு எனக்காகப் போனான்."

சொல்லிவிட்டுத் தலையைக் குனிந்துகொண்டான்.

எனக்குப் பழைய இடம் திரும்பக் கிடைத்தது. இடைவெளி அவன் தலையில் விழுந்தது, வேலை போயிற்று. அவன் வீட்டுக்குப் போகவேண்டும் என்று தினம் நினைப்பேன். எந்த முகத்தோடு போவது?

ஒருநாள் என் திருக்கோவிலூர் வண்டியில் அவனே ஏறினான், தோளில் அன்றைக்குப் பிறந்த அந்தப் பிள்ளையோடு. டிப்போ ஆட்களிடம் நாங்கள் டிக்கெட் கேட்பதில்லை. 'ஸ்டாஃப்' என்றால் போதும். அந்தப் பழக்கத்தில் அவனைத் தாண்டிப் போகப் பார்த்தேன். அவன் சில்லறையை நீட்டினான்.

"எலவனாசூர்கோட்டை ஒண்ணு குடுங்க."

"இன்னாடா, என்னைப் போய் குடுங்கன்ற?"

"டிக்கெட் குடுங்க சார்," என்றான்.

கிழித்துக் கொடுத்தேன். பிள்ளை கையை நீட்டி அதை வாங்கிக்கொண்டது.