பாதியில் நின்ற சாட்சியம்

செஞ்சியிலிருந்து திருவண்ணாமலைக்கு ஓடிய ஒரு தனியார் பஸ்ஸில் நான் கண்டக்டராக இருந்தேன். அறுபதுகளின் நடுவில் ஒரு காலை, வண்டி கிளம்பும் நேரத்தில் டிரைவர் என் காதருகே வந்தார்.

“பிரேக் புடிக்கலப்பா. மொதலாளிகிட்ட சொன்னா, ஒரு ட்ரிப் அடிச்சிட்டு வான்றாரு.”

உள்ளே நிற்க இடமில்லாத கூட்டம். எல்லோரையும் இறங்கச் சொல்லிவிட்டேன். அன்று மாலையே எனக்கு வேலை போயிற்று. முதலாளியை எதிர்த்தேன், பயணிகளை மிரட்டினேன் என்று கம்பெனிக்காரர்களே குற்றம் சாட்டி, அவர்களே விசாரித்து முடித்துக்கொண்டார்கள்.

எங்கள் தொழிற்சங்கம் வழக்கை மதராஸில் இருந்த தொழிலாளர் நீதிமன்றத்துக்குக் கொண்டுபோனது. எனக்குப் பொறுமையில்லை. “நேரா ஐகோர்ட்டுக்கே போயிடலாமே சார்?” என்று சங்கத்து வக்கீலிடம் கேட்டேன்.

“பிரேக் கெட்டிருந்ததா இல்லையான்னு சாட்சி வெச்சு கேக்கறதுக்குத்தான் இந்தக் கோர்ட் இருக்கு. முதல்ல இது முடியட்டும்” என்றார் அவர்.

டிரைவர் சாட்சி சொல்ல வந்தார். பாதி சொல்லியிருந்தபோது நேரமாகிவிட, மீதியையும் குறுக்கு விசாரணையையும் அடுத்த தேதிக்குத் தள்ளினார்கள். அதற்குள் முதலாளி ஐகோர்ட்டுக்குப் போய்விட்டார். தன் கம்பெனி விசாரித்து முடித்ததைத் தொழிலாளர் நீதிமன்றம் மறுபடி விசாரிப்பது தவறு என்று சொல்லி, இடைக்காலத் தடையும் வாங்கினார்.

மாதங்கள் போயின. என் மனைவி நடவுக்குப் போய் வீட்டைக் காப்பாற்றினாள். டிரைவரைக் காட்டுவழி ரூட்டுக்கு மாற்றினார்கள். கடைத்தெருவில் என்னைக் கண்டால் அவர் எதிர்ப்பக்கம் போக ஆரம்பித்தார். தடை நீடித்தால் அவர் வாயே திறக்கமாட்டார் என்று பயந்தேன்.

ஐகோர்ட்டில் பேசிய இங்கிலீஷ் எனக்குப் புரியவில்லை. வெளியே வந்ததும் வக்கீல் சிரித்தார்.

“விசாரிக்க தொழிலாளர் கோர்ட்டுக்கு அதிகாரமே இல்லைன்னா நிறுத்தியிருப்பேன், ஆனா அதுக்கு அதிகாரம் இருக்குன்னுட்டார் ஜட்ஜ். நடுவுல நாங்க புகுந்தா எந்த விசாரணையும் முடியாது, தீர்ப்புல தப்பிருந்தா அப்புறம் வாங்கன்னு தடையை எடுத்துட்டார்.”

“அப்ப ஜெயிச்சிட்டமா சார்?”

“இன்னும் இல்ல. உங்க டிரைவர் மீதியைச் சொல்லணும்.”

அன்றே டிரைவர் வீட்டுக்குப் போனேன். வாசலிலேயே நிறுத்தினார். “எனக்கும் புள்ளைங்க இருக்குதுப்பா” என்றார். உள்ளே போகத் திரும்பியவர், “இன்னா தேதி?” என்று கேட்டார்.

அந்தத் தேதியில் வந்தார். “உமக்குச் சம்பளம் கொடுப்பவர் யார்?” என்று முதலாளியின் வக்கீல் அதட்டினார்.

“மொதலாளிதாங்க. பிரேக் புடிக்கலன்னு நான் சொன்னதும் அவருகிட்டதான்.”

என்னைத் திரும்ப வேலைக்குச் சேர்க்கும்படி தீர்ப்பு வந்தது. அந்தத் தீர்ப்பை எதிர்த்து முதலாளி மறுபடி ஐகோர்ட்டுக்குப் போயிருக்க முடியும். போகவில்லை. நான் வேலைக்குத் திரும்பிய மறுவாரம், வேறொரு டிரைவர் தன் வண்டியின் முன்விளக்கு சரியில்லை என்று எழுதியே கொடுத்தார். முதலாளி முகம் சுளித்தபடி அதைப் படித்தார். வண்டியை ஷெட்டுக்கு அனுப்பிவிட்டுத்தான் மறுவேலை பார்த்தார்.