பாக்கியம் அக்கா சொல்லச் சொன்ன மிச்சம்

வவுனியாவில் எங்கள் காரியாலய வாசலில் பாக்கியம் அக்காவின் புருஷன் முனியாண்டி அண்ணன் நின்றதைக் கண்டதும் எனக்குச் சந்தோஷம்தான் வந்தது. கிளிநொச்சிப் பக்கத்திலிருந்து யாராவது வந்து நாளாகியிருந்தது. "அக்கா எப்பிடி இருக்கிறா?" என்று கேட்டுக்கொண்டே கதிரையை இழுத்துப் போட்டேன். அவர் உட்காரவில்லை.

"அவ போயிட்டா ஐயா. இருவது நாளாச்சு. மூணு நாள் காய்ச்சல்தான். பாதை பூட்டிக் கெடந்துச்சு, சொல்லியனுப்ப ஆள் கெடைக்கல."

"குளிசை ஏதும் குடுத்ததோ?" என்று கேட்டேன். அந்த நேரத்தில் கேட்க வேண்டிய கேள்வி அது அல்ல. தொழுநோய்க் கட்டுப்பாட்டு வேலையில் இத்தனை வருடம் இருந்தவனுக்கு வாயில் முதலில் வருவது குளிசை என்கிற மாத்திரைதான். மத்தியானச் சோறு சாப்பிடச் சொல்லி எவ்வளவு கேட்டும் நிற்காமல் முனியாண்டி அண்ணன் அடுத்த பஸ்ஸில் திரும்பிவிட்டார்.

உருத்திரபுரம் பக்கத்துக் கிளினிக்குக்கு வந்துபோனவர்களுக்குப் பாக்கியம் அக்காவைத் தெரியும். அவரைப் பற்றி எழுத வேண்டியவர்களில் நானும் ஒருவன். அவரிடம் தவறு செய்தவன் என்ற முறையில், முதலில் எழுத வேண்டியவனும் நான்தான்.

எழுபத்தேழில் தமிழருக்கு எதிராக நடந்த கலவரத்தோடு மலைநாட்டுத் தேயிலைத் தோட்டத்தை விட்டுப் புருஷனும் பெண்சாதியுமாக வந்து, கிளிநொச்சிக்கு அப்பால் காடு வெட்டிக் குடியேறியவர்கள் அவர்கள். நான் அந்தப் பக்கத்துக்கு மாற்றலாகிப் போனபோது அக்காவுக்கு நாற்பது வயதிருக்கும். வயல்களில் நாற்று நடவும் மிளகாய் பிடுங்கவும் கூலிக்குப் போவார். வீடு வீடாகத் தோலைச் சோதித்துக்கொண்டு போன ஒரு நாளில் அவருடைய வலது முன்கையில் மங்கலான படைகளைக் கண்டேன். கண்ணை மூடச் சொல்லி, பஞ்சால் தொடும் இடத்தை விரலால் காட்டும்படி கேட்டேன். படைக்கு வெளியே தொட்ட இடங்களையெல்லாம் சரியாகக் காட்டினார். படையின் மேல் மூன்று முறை தொட்ட பிறகும், "எப்பத் தொடப் போறீங்க?" என்று கண்ணை மூடியபடியே கேட்டார். முழங்கைக்குப் பின்னால் நரம்பு கயிறுபோலத் தடித்திருந்தது.

"தோல் வருத்தம் அக்கா. குளிசை தருவன்" என்றேன்.

"பேரச் சொல்லுங்க."

"தோல் வருத்தம்தான்."

"பேர் இல்லாத நோய்க்கு நான் மாத்திரை திங்க மாட்டேன்."

சொன்னேன். தொழுநோய் என்றதும் அவர் நீட்டியிருந்த கையைச் சீலைத் தலைப்புக்குள் இழுத்துக்கொண்டார். பிறகு, புருஷனுக்கு ஒட்டுமா என்று கேட்டார். குளிசை தொடங்கிவிட்டால் யாருக்கும் ஒட்டாது என்றேன். இந்த மாத்திரை என்னென்ன செய்யும் என்று அடுத்ததாகக் கேட்டார். சிறுநீர் சிவப்பாகப் போகும், தோல் கறுக்கும் என்றேன்.

"வேற?"

"வேற ஒண்டும் செய்யாது."

அதுதான் என் தவறு. சிலருக்கு வேறொன்று நடக்கும் என்று எனக்குத் தெரியும். பயந்து குளிசையே வேண்டாம் என்றுவிடுவாரோ என்று நினைத்து மறைத்துவிட்டேன்.

மூன்றாம் மாதம் அது நடந்தது. மங்கிக் கிடந்த படைகள் இரண்டே நாளில் சிவந்து தடித்துச் சூடேறின. முழங்கையில் பிடித்த வலி சுண்டுவிரல் வரைக்கும் இழுத்தது. குளிசை கொடுத்த நஞ்சுதான் இது என்று அக்கம்பக்கத்தில் எல்லோரும் சொன்னார்கள். அவர் குளிசையை நிறுத்திவிட்டார். நான் அப்போது யாழ்ப்பாணத்தில் இருந்தேன். மாதக் கூட்டத்துக்குப் போனவன், சண்டையில் ஆனையிறவுப் பாதை மூடியதால் திரும்ப முடியாமல் நின்றுவிட்டேன். பத்து நாள் கழித்துப் பாதை திறந்தது. கடிதம் ஒன்றும் எனக்கு வந்திருக்கவில்லை. வழக்கமான சுற்றுக்கு என்று நினைத்துத்தான் அவர் வீட்டுக்குப் போனேன்.

அவர் சமையல் குசினி வாசலில் உட்கார்ந்து இடது கையால் தேங்காய் துருவ முயன்றுகொண்டிருந்தார். வலது கை மடியில் கிடந்தது. மோதிர விரலும் சுண்டுவிரலும் உள்பக்கமாக மடங்கத் தொடங்கியிருந்தன.

"பொய் சொல்லிட்டீங்களே தொரை" என்றார். என் மோட்டார் சைக்கிள் சத்தம் கேட்டாலே தோட்டத்து முதலாளியைச் சொல்வது மாதிரி 'தொரை வந்திட்டாரு' என்று கேலியும் பகிடியும் பண்ணுவது அவர் வழக்கம். அன்றைக்கு அதில் பகிடி இருக்கவில்லை.

அவர் பக்கத்தில் நிலத்தில் உட்கார்ந்து எல்லாவற்றையும் சொன்னேன். குளிசை நஞ்சல்ல. அது கிருமியைக் கொல்கிறது. கிருமி சாகச் சாக அதன் துண்டுகள் தோலிலும் நரம்பிலும் கிடக்கின்றன. இவ்வளவு காலமும் அதைக் கண்டுகொள்ளாமல் கிடந்த உடம்பின் எதிர்ப்புச் சக்தி இப்போது விழித்து, அந்தத் துண்டுகளைத் தேடி நரம்புக்குள்ளேயே இறங்குகிறது. நரம்பு வீங்குகிறது. முழங்கையில் வீங்க இடமில்லை. அங்கே நெரிபட்டுச் செத்துப்போகிறது. கிருமி பல வருடம் எடுத்துச் செய்யும் சேதத்தை உடம்பு சில நாட்களில் செய்துவிடுகிறது.

அவர் கவனமாகக் கேட்டார். பிறகு மடங்கிய விரல்களைப் பார்த்துக் கேட்டார்:

"அப்ப இதச் செஞ்சது நோய் இல்ல. மாத்திரையும் இல்ல. நானேதானா?"

"ஆஸ்பத்திரிக்குப் போவம் அக்கா" என்று எழுந்தேன்.

அன்றைக்கே ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போனோம். வீக்கத்தை அடக்க, எதிர்ப்புச் சக்தியின் வேகத்தைக் குறைக்கும் குளிசையை டொக்டர் எழுதினார். கையை அசைக்கக்கூடாது என்றார். ஒரு பலகைத் துண்டில் பழைய சீலையைச் சுற்றிக் கையைக் கட்டித் தோளில் தூக்கிவிட்டேன். பழைய குளிசையையும் விடக்கூடாது, புதியதையும் திடீரென நிறுத்தக்கூடாது என்று இந்த முறை ஒன்றையும் மறைக்காமல் சொன்னேன். முகம் ஊதும், பசி கூடும் என்றேன். அப்படியே ஆனது. "தொரசாணி மொகம் வந்திருச்சு, பங்களாதான் இல்ல" என்று சிரித்தார்.

மாதக் கணக்கில் அப்படிப் போனது. படைகள் அடங்கின. வலி போனது. விரல்கள் கொஞ்சம் நிமிர்ந்தன, முழுதாக நிமிரவில்லை. உணர்வும் திரும்பவில்லை. ஒரு நாள் சுண்டுவிரலில் பெரிய கொப்புளம். சோற்றுப் பானையில் பட்டது அவருக்கே தெரியாது. "தண்ணி சுடுதா ஆறிருச்சான்னு இப்பல்லாம் கண்ணால பாத்துத்தான் தெரிஞ்சுக்க வேண்டியிருக்கு" என்றார். மலைநாட்டில் விடியற்காலையில் பனி படிந்த கொழுந்தைத் தொட்டால் விரல் விறைத்துப்போகுமாம். அந்தக் குளிர் எப்படியிருக்கும் என்று இந்த இரண்டு விரலுக்கும் மறந்துவிட்டது என்று சொன்னார். அவர் ஏக்கத்தோடு பேசி நான் கேட்டது அந்த ஒரு தடவைதான்.

அன்று நான் மன்னிப்புக் கேட்டேன். முன்பே தெரிந்தும் பொய் சொன்னேன் என்றேன்.

"முழுப் பொய் இல்ல தொரை. பாதியச் சொன்னீங்க. இனிமே யாருக்குக் குடுத்தாலும் மிச்சத்தையும் சொல்லிக் குடுங்க."

சில மாதங்களின் பின் உருத்திரபுரத்தில் வயல் வைத்திருந்த ஒரு கமக்காரருக்கு இதேபோல வந்தது. கன்னத்துப் படை சிவந்து வீங்கி, ஒரு கண் இமை மூட மறுத்தது. அவர் குளிசையை விட்டுவிட்டார். நான் போனபோது அவருடைய மனைவி வேலிப் படலையைத் திறக்கவில்லை. "உங்கட குளிசையாலதான் இவருக்கு இப்பிடி வந்தது. சனம் பாக்க முதல் போங்கோ" என்றார். நான் திரும்பிப் போய்ப் பாக்கியம் அக்காவிடம் கேட்டேன். கேட்க எனக்கு வெட்கமாக இருந்தது. அவர் கை கழுவிக்கொண்டு உடனே மோட்டார் சைக்கிளின் பின்னால் ஏறினார்.

அந்த வீட்டில் அவரை உள்ளே வா என்று யாரும் சொல்லவில்லை. மலைநாட்டுக் கூலிப் பெண்ணுக்குக் கதிரை வைக்கும் வீடு அல்ல அது. அவர் படலைக்கு வெளியே நின்றபடி வலது கையை உள்ளே நீட்டினார்.

"அம்மா, நானும் ஒங்களப் போலத்தான் நெனச்சேன். பத்து நாளு நிறுத்தினேன், சொல்லாம வலியத் தாங்கிக்கிட்டு இருந்தேன். அந்தப் பத்து நாளுக்கு இந்தா, இந்த ரெண்டு வெரலு. ஒங்க வீட்டு ஐயாவுக்குக் கண்ணும்மா. இன்னைக்கே கூட்டிட்டுப் போங்க."

அந்த அம்மா அவர் கையைப் பார்த்தார். பிறகு அதைத் தொட்டுப் பார்த்தார். "நோகுதோ?" என்று கேட்டார்.

"நொந்தா நல்லாருக்கும்மா."

படலை திறந்தது. கமக்காரரின் இமை ஒரு மாதத்தில் மூடத் தொடங்கியது, இன்றைக்கும் அவர் இரண்டு கண்ணாலும் பார்த்து வயல் செய்கிறார். திரும்பி வந்து இறங்கியபோது அக்கா, "தண்ணி குடுத்தாங்க பாத்தீங்களா, சிரட்டையில இல்ல, செம்புல" என்று மட்டும் சொன்னார்.

அதன் பிறகு அவரைக் கூப்பிடுவதற்கு எனக்கு வெட்கம் இருக்கவில்லை. கிளினிக் நாளில் தானாகவே வந்து வாங்குப் பலகையில் உட்கார்ந்துவிடுவார். புதிதாகக் குளிசை தொடங்குபவர்கள் முதலில் அவருடைய கையைப் பார்த்துவிட்டுத்தான் என்னிடம் வருவார்கள். அவர் சொன்னது எப்போதும் ஒன்றுதான். மாத்திரையை விடாதீர்கள், வலித்தால் அன்றைக்கே சொல்லுங்கள். அவர் இருந்த காலத்தில் அந்தக் கிளினிக்கில் இன்னொருவர் விரலை நாங்கள் இழக்கவில்லை.

எனக்கு வவுனியாவுக்கு மாற்றல் வந்தது. பிறகு பாதைகள் எப்படி இருந்தன என்று உங்களுக்குத் தெரியும். பஸ் கொண்டக்டரிடம் சொல்லி அனுப்புவார்: "ஒரு நாளு சோறு திங்க வரச் சொல்லுங்க." அடுத்த மாதம் வாறன் என்று நானும் சொல்லி அனுப்புவேன். போகாத ஒவ்வொரு மாதத்துக்கும் என்னிடம் ஒரு காரணம் இருந்தது. பாதை திறந்திருந்த மாதங்களும் அவற்றில் இருந்தன. இப்போது அந்த மாதங்களைத்தான் நினைத்துக்கொண்டிருக்கிறேன்.

போன கிழமை செட்டிகுளத்தில் ஒரு இளம் தாய்க்குக் குளிசை தொடங்கினேன். படை சிவக்கலாம், நரம்பு வீங்கலாம், அது உங்கள் உடம்பே செய்வது, பயந்து குளிசையை நிறுத்தாமல் அன்றைக்கே ஆளனுப்புங்கள் என்றேன். இரண்டு விரலின் உணர்வை இழந்த ஓர் அக்கா சொல்லச் சொன்னது என்று சொல்லி, அவர் கதையையும் சொன்னேன். அந்தப் பெண் குளிசைகளை உள்ளங்கையில் வைத்து எண்ணிப் பார்த்தாள்.

"எனக்குப் பயமாக்கிடக்கு ஐயா. அடுத்த முறை வரேக்க அந்த அக்காவை ஒருக்கா கூட்டிக்கொண்டு வாங்கோவன். அவவோட கதைச்சால் எனக்குத் தெம்பாயிருக்கும்."

நான் அவருடைய வார்த்தைகளை வைத்திருக்கிறேன், அவற்றை ஒன்றும் குறைக்காமல் சொல்லிக்கொண்டிருப்பேன். ஆனால் அந்தப் பெண் கேட்டது வார்த்தைகளை அல்ல, அக்காவை. தண்ணீர் எடுத்துக் கொடுத்து, அவள் முதல் குளிசையை விழுங்கும்வரை பக்கத்தில் இருந்தேன்.