குடைக்கடை ஸ்லைடில் நானும் இருந்தேன்

தங்கையின் பேத்தி போன ஞாயிற்றுக்கிழமை ஒரு புத்தகத்தைக் கொண்டுவந்து என் மடியில் போட்டாள். கல்லூரியில் படிக்கிறாள், படம் வரைவாள், வரைந்ததை என்னிடம் மட்டும்தான் காட்டுவாள். "தாத்தா, இத வாசிச்சு நோக்குங்க. நல்ல புக்காக்கும்," என்றாள்.

கட்டம் கட்டமாகப் படம் போட்ட கதை. வரைந்தவன் தன் சொந்தக் கதையைத்தான் வரைந்திருக்கிறான். பள்ளிக்கூடத்தில் உடன் படித்த பையன்மேல் அவனுக்கு ஆசை. அம்மாவிடம் சொல்ல முடியாமல் குளியலறைக்குள் உட்கார்ந்து அழுகிறான், அந்தப் பையன் சைக்கிளில் வரும் வழியில் போய் நிற்கிறான், கடைசியில் சொல்லியும் விடுகிறான். எல்லாம் பெயரோடு, முகத்தோடு, அட்டை போட்டு, விலை போட்டு.

பூதக்கண்ணாடி வைத்து மத்தியானம் முழுக்கப் படித்தேன். கண் வலித்தது. நான் சந்தோஷப்படுவேன் என்று அவள் நினைத்திருக்கலாம். எனக்கென்னவோ அலுப்புதான் வந்தது. ரேஷன் கடையில் கால் கடுக்க நின்றுவிட்டுத் திரும்பினால், அந்தச் சாமானை இப்போது வீட்டு வாசலிலேயே தருகிறார்கள் என்று பக்கத்து வீட்டுக்காரர் சொல்வாரே, அந்த அலுப்பு.

புதுத் தாளில் மை வாசம் அடித்தது. எனக்கு மையைவிட வார்னிஷ் வாசம்தான் சொந்தம். நானும் படக்கதை வரைந்தவன்தான் ஐயா, சிரிக்காதீர்கள். தாளில் அல்ல, கண்ணாடியில்.

எழுபதுகளில் பழவங்காடிப் பிள்ளையார் கோயிலுக்குப் பக்கத்துச் சந்தில், ஒரு மாடியில், ஸ்லைடு வரையும் வேலையில் இருந்தேன். சினிமா தொடங்கும் முன்னால் திரையில் நகைக்கடை, ஜவுளிக்கடை, பல்பொடி என்று அசையாத விளம்பரங்கள் விழுமே, அவைதான். சின்னக் கண்ணாடியில் வரைந்து, மேலே இன்னொரு கண்ணாடியை வைத்து மூடி, ஓரத்தில் கறுப்புக் காகிதம் ஒட்டித் தியேட்டருக்குக் கொடுப்போம். விளம்பரம் ஓடி முடிந்ததும் கண்ணாடியை எறிய மாட்டோம். பிளேடால் சுரண்டி, சோப்புத் தண்ணீரில் கழுவி, அதிலேயே அடுத்தது. ஜவுளிக்கடை மகாலட்சுமி இருந்த இடத்தில் அடுத்த வாரம் மூலநோய் வைத்தியர் வந்து உட்கார்வார். நாங்கள் மலையாள தேசத்துக்குப் பிழைக்க வந்த திருநெல்வேலிப் பக்கத்து ஆட்கள். அப்பா ஒரு ஓட்டலில் சரக்கு மாஸ்டர். அடுப்படிக்கு நான் லாயக்கில்லை என்று அவர் கைகழுவியதால் இந்த வேலைக்கு வந்தேன்.

வெள்ளிக்கிழமைதோறும் ஸ்லைடு வாங்கிப்போகத் தியேட்டரிலிருந்து சுகுமாரன் வருவான். ஆபரேட்டருக்கு உதவியாள், என் வயதுதான். திரையில் விளம்பரம் போடுவது அவன் பொறுப்பு. மழைக்காலத்தில் தன் குடைக்குள் என்னையும் சேர்த்துக்கொண்டு கிழக்கேகோட்டை பஸ் ஸ்டாண்டு வரை நடப்பான். இடது கைக்காரன். குடை இடது கையில், வலது கை என் தோளில். இந்த ஊரில் இரண்டு ஆண்கள் தோளில் கைபோட்டு நடந்தால் யாரும் திரும்பிப் பார்க்க மாட்டார்கள், அது ஒரு சௌகரியம். எனக்கு அந்த வாரமே அந்த நடைக்காகத்தான். அவன்மேல் எனக்கு ஆசை. இதை இப்படிச் சாதாரணமாகச் சொல்ல எனக்கு இத்தனை வயது ஆகியிருக்கிறது.

ஒரு மழைக்காலத் தொடக்கத்தில், சாலைக் கடைத்தெருவில் குடைக்கடை வைத்திருந்த அண்ணாச்சி ஒருவர் மாடியேறி வந்தார். "எலே தம்பி, எல்லாவனும் குடைய மட்டும் வரையான். நீ ஒரு கதையாட்டு வரை. வாரத்துக்கு ஒரு படம். மழை தீருத வரைக்கும் இழுக்கணும், கேட்டியா?"

ஒரு பையன், ஒரு பெண், ஒரு குடை. கதைக்கு எங்கே போவேன்? இருந்ததை வரைந்தேன். முதல் வாரம் பஸ் ஸ்டாப்பில் நனையும் பெண்ணுக்குப் பையன் குடை பிடிக்கிறான். அடுத்த வாரம் ஒழுகும் சாயாக்கடையில் குடையை விரித்துக்கொண்டு இருவரும் சாயா குடிக்கிறார்கள். இன்னொரு வாரம் கல்லாற்றுப் பாறையில் உட்கார்ந்திருக்கிறார்கள். பொன்முடி பஸ்ஸைத் தவறவிட்டு நானும் சுகுமாரனும் ஒரு பகல் முழுக்க உட்கார்ந்திருந்த பாறை அது. பையன் அவன். பெண் நான். எனக்கு நானே தாவணி போட்டு, ரெட்டைச் சடை பின்னி, பூவும் வைத்துவிட்டேன். முகம் பார்க்கும் கண்ணாடியை வைத்துக்கொண்டு என் மூக்கை வரைந்தபோது வெட்கம் பிடுங்கித் தின்றது. ஆனாலும் வரைந்தேன்.

பழக்கதோஷத்தில் ஒரு தப்பு நடந்துவிட்டது. குடையைப் பையனின் இடது கையில் கொடுத்துவிட்டேன். அண்ணாச்சியின் மூஞ்சி கறுத்தது. "என்னடே, எடக்கையில பிடிச்சிருக்கான்? யாவாரம் வெளங்குமா?"

"திரையில திரும்பி விழும் அண்ணாச்சி, வலக்கை ஆயிரும்," என்று வாய்க்கு வந்ததை அடித்துவிட்டேன். அப்படியானால் கடைப் பெயரும் திரும்பித்தானே விழ வேண்டும் என்று நல்லவேளை அவருக்குத் தோன்றவில்லை. வெள்ளிக்கிழமை திரையில் இடது கையாகவே விழுந்தது. ஆனால் பெஞ்சு டிக்கெட்டிலிருந்து விசில் பறந்தது. விசிலைக் கேட்டபின் அண்ணாச்சிக்கு எந்தக் கையானாலும் சம்மதம்.

சுகுமாரனிடம் அந்தக் கைதான் காட்டிக்கொடுத்தது. "எடா, ஆ பையன் ஞானல்லே?" என்றான். அந்தப் பையன் நான்தானே என்கிறான்.

"சும்மா ஒரு கதைடே."

ஸ்லைடை ஜன்னல் வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்தான். "அப்போ குட்டிக்கு நின்டெ மூக்கு." அப்படியானால் பெண்ணுக்கு உன் மூக்கு என்கிறான்.

ஊரெல்லாம் சொல்லிச் சிரிப்பான், அப்பா காதுக்குப் போகும் என்று அந்த வாரம் முழுக்கச் சோறு இறங்கவில்லை. அவன் யாரிடமும் சொல்லவில்லை. நகைக்கடையையும் பல்பொடியையும் விழுந்த கையோடு மாற்றினான். எங்கள் குடையை மட்டும் திரையில் நிறுத்தி வைத்தான். வாரா வாரம் கொஞ்சம் கூடுதலாக நிறுத்தினான். அவன் மனதில் என்ன இருந்தது என்று எனக்கு இன்றுவரை தெரியாது.

மழை ஓய்ந்துகொண்டு வந்தது. "கல்யாணத்துல கொண்டு முடிச்சிருலே," என்றார் அண்ணாச்சி. அதே வாரம் சுகுமாரன் வந்து, தாய்மாமன் பெண் பார்த்து முடித்துவிட்டார், கல்யாணம் ஆனதும் துபாய்க்குப் போக வேண்டும் என்றான். "ஞான் எந்து செய்யான்?" என்று என்னைக் கேட்டான். நான் என்ன செய்ய முடியும்? "நல்லதுதானடே," என்றேன். போகிறபோக்கில் படியில் நின்று, "உள்ளதுபோலெ ஒண்ணு வரையெடா. ஞான் போடாம்," என்றான். உள்ளதை உள்ளபடி ஒன்று வரை, நான் போடுகிறேன் என்கிறான்.

அண்ணாச்சிக்குக் கல்யாணப் படம் வரைந்தேன். பெண்ணுக்கு வேறு மூக்கு வைத்தேன். பிறகு இன்னொரு கண்ணாடியை எடுத்தேன். வேட்டி கட்டிய இரண்டு பையன்கள், ஒரே குடை. தாவணி இல்லை, சடை இல்லை, பூ இல்லை. கடைப் பெயரும் எழுதவில்லை.

திங்கட்கிழமை மாட்னி. கூட்டமே இல்லை. நான் பெஞ்சில் உட்கார்ந்திருந்தேன். பல்பொடி போயிற்று, நகைக்கடை போயிற்று, நாங்கள் விழுந்தோம். திரை நிறைய நாங்கள். முன்வரிசையில் ஒருவன், "குட்டி எவிடேடா?" என்று கத்தினான். பெண் எங்கே என்று கேட்கிறான். பின்னால் ஆபரேட்டர் அறையின் ஓட்டையிலிருந்து சுகுமாரனின் குரல் வந்தது. "அவிடெத்தன்னெ உண்டு! சரிக்கு நோக்கு!" அங்கேயேதான் இருக்கிறாள், சரியாகப் பார். எல்லாரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன், கண்ணிலிருந்து தண்ணீர் கொட்டியது.

அவன் படத்தை மாற்றவில்லை. அந்த விளக்கின் சூடு பொல்லாதது, கண்ணாடியை ரொம்ப நேரம் வைத்தால் தாங்காது, அது அவனுக்குத் தெரியும். வைத்துக்கொண்டே இருந்தான். குடைக்கம்பியிலிருந்து ஒரு விரிசல் ஓடியது, வண்ணம் கருகியது, திரை வெள்ளையானது. அப்புறம் அண்ணாச்சியின் கல்யாணப் படம் விழுந்தது.

இப்போது ஸ்லைடு என்றால் யாருக்கும் தெரியாது. தியேட்டர் இருந்த இடத்தில் கார் நிறுத்துகிறார்கள். அண்ணாச்சியின் கடையில் செல்போன் உறை விற்கிறார்கள். லீவில் வரும்போதெல்லாம் செண்டு பாட்டிலோடு என்னைப் பார்க்க வந்துகொண்டிருந்த சுகுமாரனும் போன கர்க்கடகத்தில், நம் ஆடி மாதத்தில், போய்ச் சேர்ந்துவிட்டான். மழையில் போய் நின்று முகத்தைப் பார்த்துவிட்டு வந்தேன்.

சாயங்காலம் புத்தகத்தைத் திருப்பிக் கொடுக்கும்போது, குடைக்கடைக் கதையைப் பேத்தியிடம் பாதி சொன்னேன். பஸ் ஸ்டாப், சாயாக்கடை, கல்லாறு வரைக்கும். "ஒண்ணுகூட மிச்சம் இல்லியா தாத்தா?" என்றாள். "கழுவியாச்சு மக்களே," என்றேன். புத்தகத்தைப் பைக்குள் வைத்துவிட்டு நிமிர்ந்து என் முகத்தைப் பார்த்தாள்.

"அந்தப் பொண்ணு ஆரு தாத்தா?"

என்னையறியாமல் திரும்பி, முதுகுக்குப் பின்னால் பார்த்தேன். வெறும் சுவர்தான் இருந்தது, ஆபரேட்டர் அறையின் ஓட்டை இல்லை. இந்தக் கேள்விக்கு எனக்குப் பதிலாகச் சத்தம்போட்டுப் பதில் சொல்ல ஒருவன் இருந்தான்.