மணி அடிக்காத வியாழன்

என் தங்கை வியாகுலம்மாள் ஜெயித்ததை முதலில் சொல்லிவிடுகிறேன். இருபத்தொரு வயதில் தாலியறுத்த பிறகும் ராயபுரத்திலேயே நின்று பிழைத்தாள். துரை வீட்டில் பாத்திரம் தேய்த்துக்கொண்டே, யாரும் சொல்லித்தராமல், ஸ்கோன் சுடக் கற்றாள். இரும்பு அடுப்பு இல்லாத எங்கள் வீட்டில் அதைச் சுட்டும் காட்டினாள்.

ஸ்கோன் என்பது உலர்ந்த திராட்சை போட்ட சின்ன ரொட்டி. மாவில் வெண்ணெயை விரல்நுனியால் உதிர்த்து, புளித்த மோரும் சோடா உப்பும் சேர்த்து, அதிகம் பிசையாமல் தட்டி, தம்ளர் வாயால் வட்டமாக வெட்ட வேண்டும். மண்சட்டியில் மணல் பரப்பி, தட்டை உள்ளே வைத்து மூடி, கீழும் மேலும் கரி போடுவாள். நடுவில் திறந்தால் ரொட்டி அமுங்கிவிடும். கடிகாரம் கிடையாது. ரயில்வே பட்டறைச் சங்கு பதினொன்றே முக்காலுக்கு ஊதும்போது சட்டியை ஏற்றுவாள்; கோயிலில் பன்னிரண்டு மணி அடித்ததும் இறக்குவாள். ஒருநாளும் தப்பியதில்லை.

துறைமுகத்து மாலுமிகளின் சாப்பாட்டுச் சாலைக்கு ரொட்டி சுட ஆள் தேடினார்கள். மேற்பார்வை பார்த்த ஹில்டா அம்மாள், ஈஸ்டருக்கு முந்தின பெரிய வியாழனன்று பகல் ஒரு மணிக்கு வந்து ருசி பார்ப்பதாகச் சொல்லியிருந்தாள். வேலை கிடைக்காவிட்டால், செத்துப்போன கணவனின் அண்ணன் அருள்நாதன் தங்கையைப் பழவேற்காட்டுக்கு அழைத்துப் போவான். அவன் பெண்களைக் கைநீட்டி அடிப்பவன் என்பது ஊரறிந்தது. எங்கள் ஒற்றை அறையில் ஏழு பேர். என்னால் தடுக்க முடியவில்லை. அவன் கால்வாய்ப் படகைக்கூடப் பேசி வைத்துவிட்டான்.

சங்கு ஊதியது. சட்டி ஏறியது. நாங்கள் இருவரும் மணிக்காகக் காது கொடுத்து உட்கார்ந்திருந்தோம்.

பக்கத்து வீட்டு காத்தூன் பீவிதான் கத்தினாள். "அடியே வியாகுலம், இன்னாடி கருவுது? அடுப்புல ஜின்னு பூந்துகிச்சா?"

"மணி இன்னும் அடிக்கலியேக்கா!"

"உங்க கோயில்ல இன்னிக்கி மணியே அடிக்க மாட்டாங்களேடி! காலையிலேந்து கட்டையத்தான தட்டிகினு கீறாங்க!"

பெரிய வியாழன் பூசையில் குளோரியா பாட்டு முடிந்தால் சனிக்கிழமைவரை மணிக்கு வாய்க்கட்டு; அதற்குப் பதில் மரக்கட்டைதான். அன்று காலை அந்தப் பூசையில் முழங்காலில் நின்றவர்கள் நாங்கள். கடற்காற்றில் கட்டை தட்டும் சத்தம் எங்கள் தெருவரை எட்டவில்லை. பன்னிரண்டு ரொட்டியும் கரி. வெண்ணெயும் திராட்சையும் தீர்ந்துவிட்டன. நான் மூடியைக் கையில் வைத்துக்கொண்டு நின்றேன். வேறொன்றும் செய்யத் தெரியவில்லை.

ஹில்டா அம்மாள் வந்தாள். "இன்னா வியாகுலம், இது ரொட்டியா, என்ஜின்ல போடுற கரியா?"

தங்கை மறைக்கவில்லை. மணியைப் பற்றிச் சொல்லிவிட்டு, "உங்க அடுப்புல, உங்க சாமான்ல, இப்பவே சுட்டுக் காட்டுறேம்மா," என்றாள். இரும்பு அடுப்பின் கதவை அவள் அதுவரை தொட்டதே இல்லை.

"அதையும் கருக்கினா?"

"நானே துன்னுட்டுப் போறேன்."

அந்த அம்மாள் சிரித்துவிட்டு, அவளைத் துறைமுகத்துச் சாப்பாட்டுச் சாலைக்கு அழைத்துப் போனாள்.

காவற்காரன் என்னைத் துறைமுக வாசலிலேயே நிறுத்திவிட்டான். இரண்டு மணி நேரம் வெயிலில் நின்றேன். ஜெபமாலையில் எந்த மணியில் விட்டேன் என்பதே மறந்து, மூன்று தடவை முதலிலிருந்து தொடங்கினேன். முழங்கைவரை மாவோடு அவள் வந்தாள்.

"இன்னாம்மா ஆச்சு?"

"அடி கொஞ்சம் செவந்துட்ச்சிண்ணா. ஆனா தட்டு காலி."

அருள்நாதன் அன்றே தனியாகப் படகேறினான். துறைமுகத்துக்குள் போய்வர அனுமதிச் சீட்டு வேண்டும். அதில் கைநாட்டு செல்லாது என்றார்கள். சனிக்கிழமை முழுக்க என் மகளின் சிலேட்டுப் பலகையில் தங்கை தன் பெயரை எழுதி எழுதி அழித்தாள். குமாஸ்தா எதிரில் அவள் பேனாவை எடுத்தபோது என்னால் மைக்கூட்டைப் பிடித்துக்கொள்ள மட்டுமே முடிந்தது. ஓரெழுத்துகூடப் பிசகாமல் அவள் தன் பெயரை முதல்முதலாகக் கையெழுத்திட்டது 1931ஆம் ஆண்டு ஏப்ரல் மாதம் 7ஆம் தேதி, செவ்வாய்க்கிழமை.