ஜெனரேட்டர் ஷாகிரின் விளையாட்டுப் பெயர்

மின்சாரம் போனதும் எங்கள் சந்தில் எல்லோரும் முதலில் கூப்பிடுவது ஷாகிரைத்தான். கடவுளை அதற்குப் பிறகு. சந்து முனையில் லாரி அளவுக்கு ஒரு ஜெனரேட்டர் நிற்கிறது. பக்கத்தில் தகரக் கொட்டகை. அதற்குள் சந்தின் எல்லா வீட்டுக் கம்பிகளும் வந்து சேரும் சுவிட்சுப் பலகையும் ஒரு பிளாஸ்டிக் நாற்காலியும் இருக்கின்றன. ராணுவத்திலிருந்து திரும்பிய நாள் முதல் ஷாகிர் அந்த நாற்காலியில்தான் உட்கார்ந்திருக்கிறான். பஸ்ராவின் கோடையில் எங்கள் வீடுகளில் ஏசி ஓடுவதும் நிற்பதும் அவன் கையில். அதனால் எல்லோரும் அவனைத் திட்டுவார்கள். எல்லோர் வீட்டிலிருந்தும் அவனுக்குச் சாப்பாடும் போகும்.

அந்தச் சாப்பாடும், சின்னக் கிளாஸ் தேநீருக்குள் அவன் கொட்டும் சர்க்கரையும் சேர்ந்து அவன் காலைக் கெடுத்தன. செருப்பைத் துளைத்து ஏறிய கம்பித் துண்டு அவனுக்கு வலிக்கவே இல்லை. சர்க்கரை நோயாளிக்கு வலிக்காத புண்தான் பயப்பட வேண்டிய புண். ஆஸ்பத்திரியில் இரண்டு விரல்களை எடுத்துவிட்டு வீட்டுக்கு அனுப்பினார்கள். நான் நோயாளிகளைப் பார்த்துக்கொள்ளும் பயிற்சி பெற்று அதிலேயே வேலை பார்த்து ஓய்வு பெற்றவள், அடுத்த வீட்டுக்காரி. ஹஜ்ஜுக்குப் போய் வந்தவள் என்பதால் எல்லோருக்கும் ஹஜ்ஜியா. தினமும் கட்டு மாற்றப் போனேன்.

காலைத் தலையணை மேல் தூக்கி வைத்து அசையாமல் படுக்க வேண்டும் என்று சொல்லிவிட்டேன். கொட்டகையை அவன் தம்பி பார்த்துக்கொண்டான். ஷாகிர் படுத்தபடியே ஜெனரேட்டர் சத்தத்தைக் கேட்டு, "டீசல் ஃபில்டர் அடச்சிருக்கு, காது கேக்கலயா அவனுக்கு?" என்று கத்துவான். அவனைப் படுக்கையில் பிடித்து வைத்தது என் அதட்டல் அல்ல, கைபேசியில் அவன் ஆடிய விளையாட்டுதான். நான்கு பேர் ஒரு குழு. விமானத்திலிருந்து ஒரு தீவில் குதிப்பார்கள், கிடைத்த துப்பாக்கியை எடுப்பார்கள், மற்ற குழுக்களைச் சுட்டுத் தள்ளிவிட்டுக் கடைசிவரை நிற்கப் பார்ப்பார்கள். குழுவில் மற்ற மூவரையும் ஷாகிர் நேரில் பார்த்ததில்லை. மொசூலில் இருக்கும் முஹன்னத் என்ற இளைஞனின் குரல் மட்டும் எனக்கும் பழகிவிட்டது. கட்டு மாற்றும்போதெல்லாம் கைபேசிக்குள்ளிருந்து கத்திக்கொண்டே இருப்பான்.

அந்த விளையாட்டில் ஷாகிரின் பெயர் அபு காயிப். கைபேசிக் கடைக்காரன் கணக்குத் திறந்தபோது அவனாகவே அப்படிப் போட்டுவிட்டான். தப்பில்லை, ஊரே அவனை அப்படித்தான் கூப்பிட்டது. எங்கள் ஊரில் வயது வந்த ஆணை வெறும் பெயரால் கூப்பிடுவது மரியாதை இல்லை. மூத்த பிள்ளையின் பெயரைச் சொல்லி, இன்னாருடைய அப்பா என்போம். பிள்ளை பிறக்காதவனையும் விட்டுவிட மாட்டோம். அவன் அபு காயிப், இன்னும் வராத பிள்ளையின் அப்பா. ஷாகிருக்கும் அவன் மனைவி பத்ரியாவுக்கும் பிள்ளை இல்லை. நாங்கள் மரியாதையாகத்தான் கூப்பிட்டோம், அவனும் மரியாதையாகவே திரும்பிப் பார்த்தான்.

போன குளிர்காலத்தில் பத்ரியாவின் தங்கையும் தங்கை கணவன் குசையும் நாசிரியா சாலையில் கார் விபத்தில் போய்விட்டார்கள். அவர்களுடைய ஒரே மகள் தபாரக் இந்த வீட்டுக்கு வந்தாள். ஐந்தாம் வகுப்புப் படிக்கிறாள். பத்ரியாவை காலா என்று கூப்பிடுவாள், அம்மாவின் சகோதரி என்பதால். ஷாகிரை அம்மோ என்பாள், மாமா என்பது மாதிரி. அதிகம் பேச மாட்டாள், நன்றாகச் சாப்பிடுவாள். துக்கத்தில் இருக்கும் பிள்ளை சாப்பிட்டால் பாதிக் கவலை விட்டது.

ஒரு நாள் மத்தியானம் நான் கட்டைப் பிரித்துக்கொண்டிருந்தபோது அவள் கைபேசியை எட்டிப் பார்த்தாள்.

"அம்மோ, காயிப் யாரு?"

ஷாகிர் திரையிலிருந்து நிமிர்ந்தான். விளையாட்டில் அவனை யாரோ சுட்டுவிட்டார்கள். அவள் உள்ளே போனபிறகு என்னிடம் மெதுவாகச் சொன்னான்: "ஹஜ்ஜியா, வீட்டுல ஒரு புள்ள உக்காந்து சோறு திங்குது. நான் இன்னும் வராத புள்ளக்கி அப்பான்னு சொல்லிக்கிட்டுத் திரியறேன். அதுக்கு எப்படி இருக்கும்?"

"அப்ப மாத்திக்க. கால ஆட்டாத."

பெயர் எங்கே இருக்கிறது என்றே அவனுக்குத் தெரியவில்லை. மறுநாள் முஹன்னத்திடம் கேட்டான்.

"மேல மூலைல உங்க படம் இருக்குல்ல, அதத் தொடுங்க."

"எந்தப் படம்? கறுப்புக் கண்ணாடி போட்டுக்கிட்டு ஒரு பய நிக்கறானே, அதுவா?"

"அது நீங்கதான், அபு காயிப்!"

"நானா? எனக்கு எப்படா இடுப்பு இருந்துச்சு?"

"தொடுங்க மாமா! பேரு தெரியுதா? பக்கத்துல சின்னதா ஒரு பேனா. அதத் தட்டுங்க."

தட்டினான். பெயரை மாற்ற அட்டை வேண்டும் என்று திரையில் வந்தது. ஷாகிர் அறைக்கு வெளியே பார்த்துக் குரல் கொடுத்தான். "பத்ரியா! என் அடையாள அட்டய எடுத்துட்டு வா!"

எங்கள் ஊரில் எந்த அலுவலகத்துக்குப் போனாலும் முதலில் கேட்பது அதைத்தான். பத்ரியாவும் ஆச்சரியப்படாமல் உள்ளேயிருந்து கேட்டாள். "ரேஷன் அட்டையும் வேணுமா? நகல் எடுக்கணுமா?"

கைபேசிக்குள் மூன்று பேரும் விழுந்து விழுந்து சிரித்தார்கள். விளையாட்டுக்குள்ளேயே ஒரு பை இருக்கிறதாம், அதில் பெயர் மாற்றும் அட்டை ஒன்று இருக்கிறதாம். ஒவ்வொரு படி ஏறும்போதும் ஒன்று தருவார்களாம். ஷாகிர் இதுவரை பையைத் திறந்து பார்த்ததே இல்லை. திறந்தான், எடுத்தான், ஒரு விரலால் எழுத்து எழுத்தாகத் தட்டினான். பெயர் மாறியது. என்னிடம் திரையைக் காட்டினான். அபு தபாரக். புது மாப்பிள்ளை மாதிரி இருந்தது அவன் முகம்.

சந்தில் பாதிப் பேர் அந்த விளையாட்டை ஆடுகிறவர்கள். மறுநாள் காலை தபாரக் ரொட்டி வாங்கப் போனாள். கடைக்காரன் சத்தார் சூடான சமூன் ரொட்டிகளைப் பையில் போட்டுக்கொண்டே, "அபு தபாரக்குக்குன்னு ரெண்டு கூட வெச்சிருக்கேன், கண்ணு. வாழ்த்து சொன்னேன்னு சொல்லு" என்றிருக்கிறான்.

அவள் வீட்டுக்கு வந்து பையை மேசையில் வைத்தாள். நான் அப்போதுதான் கட்டு மாற்ற உட்கார்ந்திருந்தேன்.

"காலா, பாபாவோட பேர யாரு எடுத்தது?"

பத்ரியாவுக்கு ஒன்றும் புரியவில்லை. ஷாகிருக்குப் புரிந்துவிட்டது.

"கண்ணு, அது வந்து... நான் என்ன நெனச்சேன்னா..."

"அபு தபாரக் எங்க பாபா. அவர் டாக்ஸி பின்னாடி கண்ணாடில எழுதியிருந்துச்சு. எல்லாரும் அவர அப்படித்தான் கூப்பிட்டாங்க. அவர் செத்துட்டா நீங்க எடுத்துக்குவீங்களா?"

அழவில்லை. அழுதிருந்தால் சமாளித்திருக்கலாம். அறைக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள்.

"ஏன்யா, புத்தி இருக்கா உனக்கு?" என்றாள் பத்ரியா. "குசைய ஊரே அபு தபாரக்னுதான கூப்பிட்டுச்சு?"

"நான் கூப்பிட்டதில்லையே. என்னவிடச் சின்னவன். குசைன்னுதான் சொல்வேன். எனக்கு அந்த நெனப்பே வரல."

அது உண்மைதான். எங்கள் ஊரில்தான் இப்படி ஒரு தப்பு நடக்க முடியும். செத்தவனின் சட்டையைப் போட்டுக்கொண்டால் உடனே தெரிந்துவிடும். பெயரைப் போட்டுக்கொண்டால் பிள்ளை வந்து சொன்னால்தான் தெரிகிறது.

ஷாகிர் உடனே பேனாவைத் தட்டினான். அட்டை இல்லை. அடுத்த படி ஏறினால்தான் அடுத்த அட்டை. அந்தப் படி ஏற நிறைய ஆட்டங்களில் முன்னால் வர வேண்டும். ஷாகிரோ தரையில் இறங்கியதும் சுடப்படுகிறவன். தபாரக் அவனிடம் பேசுவதை நிறுத்திவிட்டாள். தட்டை வைப்பாள், தண்ணீர் வைப்பாள், கேட்டால் தலையாட்டுவாள். அவன் அந்த நாட்களில் சர்க்கரை இல்லாத தேநீரை முகம் சுளிக்காமல் குடித்தான். புண் நன்றாக ஆற ஆரம்பித்தது, மனிதன்தான் வாடினான்.

"அபு தபாரக், வலப்பக்கம் ஆள்!" என்று முஹன்னத் கத்துவான்.

"அப்படிக் கூப்பிடாதடா!"

"பின்ன எப்படிக் கூப்பிட?"

"எப்படியும் கூப்பிடாத. சுடு!"

விஷயத்தை அவர்களிடம் சொல்லிவிட்டான் போலிருக்கிறது. அதன் பிறகு கிண்டல் நின்றுபோனது. அவனைப் புதருக்குள் ஒளித்து வைத்துவிட்டு மற்ற மூவரும் சண்டை போட்டார்கள். கட்டுப் போடும்போது திரையைப் பார்த்தால் வெறும் இலையாகத்தான் தெரியும். "அசையாதீங்க மாமா, படுத்தே இருங்க" என்பான் முஹன்னத். நான் வாரக்கணக்கில் சொன்னதை அவன் சொன்னபோது மட்டும் ஷாகிர் கேட்டான்.

படி ஏற வேண்டிய ஆட்டம் ஒரு வெள்ளிக்கிழமை மத்தியானம் வந்தது. தீவில் மூன்று குழுக்கள்தான் பாக்கி. நான் கட்டை முடிச்சுப் போடும்போது அரசு மின்சாரம் போனது. ஏசி நின்றது, விளக்கு அணைந்தது, இணையப் பெட்டியும் அணைந்தது. ஜெனரேட்டர் உறுமியது, ஆனால் எங்கள் வரிசை வீடுகளுக்கு மட்டும் மின்சாரம் வரவில்லை.

"அந்தக் கழுத மூணாவது வரிசையப் போடல!" ஷாகிர் காலைக் கீழே வைக்கப் போனான்.

"வெச்சா மூணாவது விரலும் போயிடும்," என்றேன், கணுக்காலைப் பிடித்துக்கொண்டு.

"ஹஜ்ஜியா, விடுங்க, ஆட்டம் போயிடும்!"

வாசலில் தபாரக் நின்றிருந்தாள். "சுவிட்சுப் பலகைல எந்தப் பிடி?" என்று கேட்டாள்.

ஷாகிர் வாயைத் திறந்தபடி அவளைப் பார்த்தான்.

"எந்தப் பிடின்னு கேக்கறேன், அம்மோ!"

"மூணாவது வரிசை. செவப்பு. மேல தூக்கணும். நீ தொடாத, என் தம்பிகிட்டச் சொல்லு!"

ஓடினாள். வெயிலில் செருப்புகூடப் போடவில்லை. கொஞ்ச நேரத்தில் விளக்கு வந்தது, இணையமும் வந்தது. ஷாகிர் புதருக்குள் உயிரோடுதான் இருந்தான். முஹன்னத் கடைசி ஆளைச் சுட்டான். பட்டாசு, பொன்னிற எழுத்துகள், புதிய படி. பையில் ஓர் அட்டை.

தபாரக் மூச்சு வாங்கிக்கொண்டு வந்தாள். "எனக்கும் வேர்க்குது, அதான் போனேன்," என்றாள்.

"இந்தா கண்ணு, அபு காயிப்னு பழைய பேரயே போட்டுடறேன்," என்றான் ஷாகிர்.

"அது வேண்டாம்."

"ஏன்?"

"அதான் நான் இங்க இருக்கேன்ல."

பத்ரியா சமையலறை வாசலில் திரும்பி நின்றுகொண்டாள். எனக்குப் பழைய கட்டைச் சுருட்டும் வேலை இருந்தது.

வெறும் ஷாகிர் என்று போட்டான். யாரிடமோ இருக்கிறது என்றது திரை. ஜெனரேட்டர் ஷாகிர் என்று போட்டான், அதுவும் இருந்தது. ஈராக்கில் எத்தனை சந்துகள், எத்தனை ஜெனரேட்டர்கள்! தபாரக் பொறுக்காமல் கட்டிலில் உட்கார்ந்து கைபேசியை வாங்கிக்கொண்டாள்.

"நீங்க எனக்கு யாரு?"

ஷாகிர் எச்சரிக்கையாக யோசித்தான். ஒரு தடவை தப்புச் செய்தவன் அல்லவா? "உன் காலாவோட புருஷன்," என்றான்.

"அதான் உண்மை," என்று சொல்லிக்கொண்டே தட்டினாள். தபாரக்கின் காலா புருஷன். இடம் போதவில்லை, நடுவில் இருந்த இடைவெளிகளை எடுத்துவிட்டாள். திரை உடனே ஏற்றுக்கொண்டது. அந்தப் பெயருக்கு உலகத்தில் வேறு யார் போட்டிக்கு வரப்போகிறார்கள்?

அடுத்த ஆட்டத்தில் முஹன்னத்தின் குரல் வந்தது. "யாருப்பா இது, எவளோ ஒருத்தியோட காலா புருஷன்லாம் துப்பாக்கி எடுத்துட்டு வந்துட்டான்?"

தபாரக் கைபேசியை வாய்க்குப் பக்கத்தில் பிடித்துக்கொண்டாள். "எவளோ இல்ல, நான்தான் தபாரக். இவரு எங்க அம்மோ. கால்ல புண்ணு இன்னும் முழுசா ஆறல. அவர ஓட விடாதீங்க."

"வெளயாட்டுலயுமா?"

"வெளயாட்டுலயும்தான்."

"சரிங்க, மேடம்," என்றான் முஹன்னத். ஷாகிர் புதரைத் தேடி நடக்க ஆரம்பித்தான்.