ஊமைப்படத்தில் கேட்ட 'ஓம்'

இன்று மத்தியானம் லண்டன் ஸ்ட்ரெதமில் ஒரு சின்னத் தியேட்டரில் பழைய ஊமைப்படம் போட்டார்கள். சிரிப்பும் காதலுமான கதை. எனக்குச் சம்பந்தம் பேசிக்கொண்டிருக்கும் மாலதியையும் அவளுடைய அம்மாவையும் கூட்டிக்கொண்டு போனேன். மாலதி இன்னும் பதில் சொல்லவில்லை.

அன்ரிக்கு, அதுதான் மாலதியின் அம்மாவுக்கு, இங்கிலீஷ் வராது. பேச்சே இல்லாத படமென்றால் அவருக்கும் விளங்கும் என்று நான்தான் கெட்டித்தனமாக யோசித்தேன். இடையிடையே திரையில் இங்கிலீஷ் எழுத்து வரும் என்பது எனக்குத் தெரியாது.

நடுவில் அன்ரி. அந்தப் பக்கம் மாலதி, இந்தப் பக்கம் நான். தேத்தண்ணிக்குச் சீனி காணுமா, போதாதா என்பதைத் தவிர நாங்கள் இருவரும் இதுவரை ஒன்றும் கதைத்ததில்லை.

"தம்பி, என்னவாம்?" எழுத்து வரும்போதெல்லாம் அன்ரி கேட்டார். கதாநாயகன் சொல்வதை நான் தமிழில் சொன்னேன். கதாநாயகி சொல்வதை மாலதி சொன்னாள். முன்வரிசை வெள்ளைக்காரர் இரண்டு தரம் திரும்பி முறைத்தார்.

கடைசியில் அவன் முழங்காலில் நின்றான்.

"என்னைக் கலியாணம் கட்டுவீரோ எண்டு கேக்கிறான், அன்ரி." சொல்லும்போது நான் மாலதியைப் பார்த்தேன்.

அடுத்த எழுத்து வந்தது. 'அப்பாவைக் கேளுங்கள்.' நான் மனதுக்குள் வடிவாக வாசித்தேன்.

"அவள் என்னவாம், பிள்ளை?"

"ஓமாம், அம்மா, சம்மதமாம்," என்றாள் மாலதி, திரையை விட்டுக் கண்ணை எடுக்காமல்.

"சரியான அவசரக்காரி," என்றார் அன்ரி.

இந்த மின்னஞ்சல் குழுவில் இங்கிலீஷ் படிப்பிக்கிறவர்கள் பலர் இருக்கிறீர்கள். மொழிபெயர்ப்பில் பிழை என்று யாரும் எழுத வேண்டாம். ஈஸ்ட் ஹாம் பக்கம் நல்ல கலியாண ஹோல் எங்கே இருக்கிறது என்று மட்டும் எழுதுங்கள்.