அந்தோனியார் பதக்கமும் காளான் சட்டியும்

பொச்சாவாமை என்று முன்னோர் ஒரு குணத்தைப் போற்றினர். மகிழ்ச்சி மிகுந்த வேளையிலும் கருத்துத் தளராதிருத்தல் என்பது அதன் பொருள். இடர் வந்தபோது விழித்திருப்பவரை எங்கும் காணலாம். விருந்தின் நடுவே விழித்திருப்பவரைத் தேடத்தான் வேண்டும். திருகோணமலை பஸ் நிலையத்தருகே நிலக்கடலையாகிய கச்சானும் முந்திரிப்பருப்பாகிய கஜுவும் விற்ற பாலையூற்று இன்பமலர் அத்தகைய ஒருத்தி.

துறைமுகத்தில் மூட்டை இறக்கிய கணவன் டொமினிக்கின் கால் நசுங்கிய ஆண்டில் அவள் கச்சான் வறுக்கத் தொடங்கினாள். முதல் மாரியிலேயே ஒரு சாக்கு நனைந்து பூஞ்சணம் பிடித்தது. கழுவி, உப்பும் மஞ்சளும் ஏற்றி, மணலிலே வறுத்தாள். நிறமும் வந்தது, மணமும் வந்தது. ஆனால் வாங்கித் தின்ற கர்ப்பிணி ஒருத்தி அடுத்த பஸ்ஸுக்குக் காத்திருக்கும்போதே துப்பிவிட்டுத் திரும்பி வந்து, "கைக்குதக்கா" என்று சொன்னாள். கோபப்படவில்லை, அவ்வளவுதான் சொன்னாள். இன்பமலர் அன்று மாலை எஞ்சியதையெல்லாம் குழிவெட்டிப் புதைத்தாள். மஞ்சளும் உப்பும் கண்ணை ஏமாற்றலாம், உள்ளே இருப்பதை மாற்றா என்பது அன்று முதல் அவளுக்கு மறக்கவில்லை.

அதன்பின் சந்தையில் லாபிரின் கடையிலே அவள் வாங்கும் முறையே வேறாயிற்று. சாக்கின் மேல்வாயில் கிடப்பதைத் தொடமாட்டாள். முழங்கை வரை கையை இறக்கி அடியிலிருந்து ஒரு பிடி எடுப்பாள், உள்ளங்கையை முகர்வாள், நான்கு பருப்பைப் பிளப்பாள், ஒன்றைக் கடிப்பாள்.

"நகை வாங்க வந்தனீங்களோ, கச்சான் வாங்க வந்தனீங்களோ?" என்று லாபிர் சிரிப்பார்.

"நகையெண்டால் கண்ணை மூடிக்கொண்டு வாங்கலாம் நானா. அது வயித்துக்குள்ள போறதில்லையே."

நோன்பு காலத்தில் பேரீச்சம்பழம் வந்தால், எண்ணெய் பூசியதுபோல் மினுங்கும் பழத்தை விலக்கி, மங்கலானதை எடுத்துக் கொட்டையருகே பூச்சி உண்டோ என்று பிளந்து பார்ப்பாள். உலர்ந்த திராட்சையான முந்திரிகை வற்றலைச் சுடுநீரில் அலசி, மெல்லிய துணியால் மூடி வெயிலில் காயவைப்பாள். காளானை மட்டும் அவள் விற்றதேயில்லை. வீட்டுக்கென்றால், கிண்ணியா மைமூனா தன் வளவுப் புற்றிலே ஆண்டுதோறும் தானே பறித்து அடிமண்ணோடு கொண்டுவருவதை வாங்குவாள். வேறு எவர் நீட்டினாலும் வாங்கமாட்டாள்.

கோதுமை ரொட்டியான பாணுக்கு மக்கள் விடியுமுன்னே வரிசையில் நின்ற எழுபத்துமூன்றாம் ஆண்டு, கார்த்திகை மாதம். அவளுடைய ஒரே மகள் அருள்மலருக்கும், நகரத்து மீன்சந்தையில் வேலை பார்த்த இலங்கைத்துறை மைக்கலுக்கும் மனம் ஒத்திருந்தது. மைக்கலின் தாய் மாகிரட் ஓராண்டு காலம் முகங்கொடுக்காமலிருந்து, ஒருவாறு இணங்கிப் பெண் பார்க்க வருவதாகச் சொல்லியனுப்பினாள். அவள் மனங்கோணித் திரும்பினால் மீண்டும் வரமாட்டாள் என்பது எல்லாருக்கும் தெரியும். அருள்மலர் மூன்று நாளாகச் சரியாக உண்ணவில்லை.

மாகிரட் மகனோடு வந்து சேர்ந்தபோது இன்பமலர் பாண் வரிசையில் நின்றிருந்தாள். திரும்பிக் குசினிக்குள் நுழைந்தவள், விருந்தாளியே அடுப்படியில் நிற்பதையும், தன் மண்சட்டியில் வெண்காளான் கொதிப்பதையும் கண்டாள்.

"வா தங்கச்சி. வெறுங்கையோட வரக்கூடாதெண்டு கொண்டு வந்தனான். இடிமுழக்கத்துக்கு முளைச்ச காளான்," என்றாள் மாகிரட், முகமெல்லாம் மலர்ச்சியாக.

"எந்தப் புத்தில பறிச்சதக்கா?"

"நான் பறிக்கேல்லை. மூதூர் இறங்குதுறையில ஒரு மனிசன் தேக்கிலையில பொதிஞ்சு வித்தவன்."

"ஆரவர்? பேர் தெரியுமோ?"

"பேர் கேட்டே காளான் வாங்குறது? பயப்பிடாத. உள்ளுக்குப் பார்." கரண்டியால் சட்டியின் அடியைத் துழாவி உயர்த்தினாள். சாறு சொட்டச் சொட்ட வெள்ளிப் பதக்கமொன்று மேலே வந்தது. "சாமியார் மந்திரிச்ச அந்தோனியார் பதக்கம். நஞ்செண்டால் கறுத்துப்போகும். நிலாப்போல கிடக்கு, பார்! எங்கட அம்மா காலத்திலயிருந்து இப்பிடித்தான்."

இன்பமலர் மகளைப் பார்த்தாள். அருள்மலரின் கண்கள், அம்மா ஒன்றும் சொல்லாதேங்கோ என்று இரந்து நின்றன. டொமினிக் நொண்டிக்கொண்டு அருகே வந்து காதோடு சொன்னான்: "இஞ்சேரப்பா, ஆளுக்கொரு கரண்டி வாயில வைச்சிட்டு விடுவம். மனிசி மனம் நோகாமல் போகட்டும்."

"ஒரு கரண்டி காணும், எல்லாரையும் ஒரே நாளில கொண்டுபோக," என்றாள் இன்பமலர். பிறகு மாகிரட்டின் பக்கம் திரும்பினாள். "அக்கா, கோவிக்காதேங்கோ. அவிச்ச முட்டைக்குள்ள வெள்ளியைப் போட்டாலும் கறுக்கும். முட்டையை நாங்கள் தின்னாமலோ விடுறம்? வெள்ளிக்கு நஞ்சைத் தெரியாது. அந்தோனியார் துலைஞ்சதைத் தேடித்தாற புனிதர். அவரைச் சட்டிக்குள்ள இறக்கிச் சோதிக்கிறது எங்களுக்கு அடுக்காது."

மாகிரட்டின் முகம் இருண்டது. "அப்ப நான் நஞ்சு கொண்டு வந்தனான் எண்டுறியோ?"

"நீங்கள் அன்பு கொண்டு வந்தனீங்கள். அந்த மூதூர் மனிசன் என்னத்தைத் தந்தவன் எண்டு உங்களுக்கும் தெரியாது, எனக்கும் தெரியாது. தெரியாததை என்ர வீட்டில உங்கட பிள்ளைக்கும் குடுக்க ஏலாது, என்ர பிள்ளைக்கும் குடுக்க ஏலாது. சம்பந்தம் நிண்டுபோனாலும் போகட்டும்."

பதக்கத்தை எடுத்துச் சாம்பல் போட்டுத் தேய்த்து மும்முறை கழுவி, மாகிரட்டின் கையில் பணிவோடு வைத்தாள். சட்டியைத் துணியாற் பிடித்துப் பின்வளவுக்குக் கொண்டுபோனாள். மண்வெட்டியை எடுத்து முழங்கால் ஆழம் வெட்டினாள். சட்டியோடு இறக்கி மூடி, கோழி கிண்டாதபடி மேலே கல்லேற்றினாள். அருள்மலர் விம்மும் ஒலி சன்னல் வழியே கேட்டது. மண்வெட்டி நிற்கவில்லை.

"மைக்கல், வெளிக்கிடு," என்றாள் மாகிரட்.

"பஸ்ஸுக்கு இன்னும் ஒரு மணித்தியாலம் கிடக்கக்கா," என்று கைகழுவியபடியே வந்தாள் இன்பமலர். "வெறும் வயித்தோட உங்களை என்ர வாசல் தாண்ட விடமாட்டன்."

கிறிஸ்து பிறப்பான நத்தாரின் விற்பனைக்கென்று பொறுக்கி அடைத்து வைத்திருந்த கஜுத் தகரப் பேணியை அவள் அலுமாரியிலிருந்து இறக்கினாள். வருடத்தின் நல்ல விற்பனை அந்தப் பேணிக்குள் இருந்தது. கறிக்காக அதைத் திறந்தபோது, கதிரையில் முகந்திருப்பி இருந்த மாகிரட் எழுந்து வந்து ஒரு பருப்பை எடுத்தாள்.

"இது ஆர் வித்தது? பேர் தெரியுமோ?" என்றாள் ஏளனமாக.

"லாபிர் நானாவின்ர மச்சான் றஊப். கிண்ணியாவில, கிணத்தடி மரம். பங்குனியில பிடுங்கினது. ஏழு வெயில் காய்ஞ்சது. நான் பேணியில அடைச்சது சித்திரை கடைசியில."

மாகிரட் பருப்பைக் கடித்தாள். அவள் உதடு ஒரு பக்கம் கோணியது. "காறுது," என்றாள் மெல்ல. வெற்றிப் புன்னகை ஒன்று அரும்பியது.

இன்பமலர் மிகுதிப் பாதியை வாங்கிக் கடித்தாள். காறத்தான் செய்தது, உள்ளே நூல்போல் புழுப்பொடியும் இருந்தது. "ஓம். என்ர பிழை," என்றாள். சுளகை எடுத்து, பேணி முழுவதையும் அதில் கவிழ்த்தாள். "ஒண்டு கெட்டுப்போனால் எல்லாத்தையும் பாக்கவேணும்." தரையில் அமர்ந்து ஒவ்வொன்றாய்ப் பிளக்கத் தொடங்கினாள். பிளந்த பருப்பை நத்தாருக்கு எவரும் வாங்கமாட்டார் என்பது அவளுக்குத் தெரியும்.

மாகிரட் நின்று பார்த்தாள். தன் காளானுக்கு வந்த தீர்ப்பே இவளுடைய கஜுவுக்கும் வந்ததைக் கண்டாள் போலும். சற்று நேரத்தில் சேலையை ஒதுக்கிக்கொண்டு சுளகின் மறுபக்கம் அமர்ந்தாள்.

"தள்ளியிரு. உனக்குக் கண் சரியில்லை," என்றாள். "மைக்கல், என்னடா விறைச்சுப்போய் நிக்கிறாய்? நீயும் வா. பிள்ளை அருள்மலர், அழுதது காணும், வெங்காயத்தை உரி. அதுக்கும் அழத்தானே வேணும்!"

வெங்காயம் உரித்த கையோடு அருள்மலரும், டொமினிக்கும் சேர, ஐவரும் பிளந்தார்கள். இருபத்தொரு பருப்புக் கெட்டவை. எஞ்சியவற்றில் தேங்காய்ப்பால் விட்டு வைத்த கறிக்கு மாகிரட் இரண்டாம் முறை பாண் கேட்டாள். அந்த பஸ் போயிற்று, அடுத்ததும் போயிற்று.

"இப்பிடி மூக்கை நுழைச்சு நுழைச்சுச் சமைக்கிறவளின்ர மகள் வந்தால், என்ர வீட்டில ஒருத்தரும் அள்ளித் தின்ன ஏலாது," என்று வெளிக்கிடும்போது அலுத்துக்கொண்டாள். "ஆனாலும் நிம்மதியாய்த் தின்னலாம்."

தை மாதம் பாலையூற்றுக் கோவிலில் திருமணம் நடந்தது. அன்று மணமகளின் கழுத்தில் அந்தோனியார் பதக்கத்தை மாகிரட்டே அணிவித்தாள். மூதூர் மனிதன் விற்றது நஞ்சோ நல்லதோ என்று இன்றுவரை எவருக்கும் தெரியாது; அந்தக் கல்லை எவரும் புரட்டவுமில்லை.

வானிலிருந்து மன்னா பொழிந்து ஊட்டிய இறைவன் இன்பமலரின் மனையையும் அவள் மகள் புகுந்த மனையையும் காத்தருள்க. அங்கே அடுப்பு அணையாதிருக்க. பேணிகள் உலர்ந்து நிறைந்திருக்க. உண்ண அமர்வோர் அனைவரும் அச்சமின்றி உண்டு, நலமே எழுந்து, நெடுநாள் வாழ்க.